ஆகாரம் செல்ல ஒரு மாற்று வழி: இரைப்பைக் குழாய் யாருக்கு, எப்பொழுது, ஏன்?

நோயாளிக்கு ஆகாரம் கொடுப்பதை நம் கிராம மக்கள் வைத்தியத்திற்கு நிகரான கடமையாகக் கருதி வருகின்றனர். ஒரு வீட்டில் ஒருவர் படுக்கையில் விழுந்துவிட்டால் அடுத்த வீட்டிலிருந்து கஞ்சி வரும். எதிர்வீட்டிலிருந்து பால் வரும். உறவினர் இளநீருடன் வந்து சேருவர். "நாலு வாய் கஞ்சி உள்ளே போனால்தான் தெம்பு வரும்" என்பது வருபவர் அனைவரும் கூறும் சொல்லாகும். இந்த அன்பு போற்றத்தக்கதே. ஆயினும் சில நோயாளிகள் விஷயத்தில், அன்புடன் ஊட்டப்படும் அந்த நாலு வாய்க் கஞ்சியே உயிருக்கு உலை வைத்துவிடுவதும் உண்டு. அத்தகையோருக்கு வாய்க்குப் பதிலாக வேறொரு வழியில் ஆகாரம் செலுத்த வேண்டியதாகின்றது. அவ்வழியே இரைப்பைக் குழாய்.

இக்குழாயைப் பற்றி நம் மக்களிடையே அச்சம் மிகுதி. "மூக்கில் டியூப் போட்டுவிட்டார்கள், இனி அவ்வளவுதான்" என்று கூறி, ஆஸ்பத்திரியிலிருந்து நோயாளியை வீட்டிற்குக் கொண்டுபோய்விடுவோரும் உளர். இவ்வச்சம் எவ்வளவு தூரம் சரியானது, குழாய் உண்மையில் யாருக்குத் தேவை, யாருக்குத் தேவையில்லை என்பவற்றைப் பஞ்சாயத்து அங்கத்தினர்களும் விவசாயப் பெருமக்களும் அறிந்திருத்தல் நலம். ஊரில் ஒருவருக்கு இந்நிலை நேரும்பொழுது, முதலில் யோசனை கேட்கப்படுபவர்கள் அவர்களே அல்லவா?

விழுங்குதல் என்னும் வேலை

விழுங்குதலை நாம் ஒரு வேலையாகவே எண்ணுவதில்லை. ஆனால் ஒரு மடக்கு நீர் உள்ளே செல்வதற்கு 25-க்கும் மேற்பட்ட தசைகள் முறை தவறாமல் இயங்க வேண்டியிருக்கின்றது. இவற்றை நடத்துவது மூளை.

தொண்டையானது இரண்டு வாய்க்கால்கள் பிரியும் தலைமடை போன்றது. ஒன்று இரைப்பைக்குச் செல்லும் உணவுக்குழாய். மற்றொன்று நுரையீரலுக்குச் செல்லும் மூச்சுக்குழாய். மூச்சு விடும்பொழுது மூச்சுக்குழாய் திறந்திருக்கும். விழுங்கும் கணத்தில் குரல்வளை மேலே எழும்பி, அதன் மூடி மதகுப் பலகைபோல் கவிந்து, மூச்சுக்குழாயை அடைத்துவிடும். உணவு பின்புறமுள்ள உணவுக்குழாயில் இறங்கும். இது ஏறக்குறைய ஒரு விநாடியில் முடிந்துவிடுகின்றது. எப்பொழுதேனும் ஒரு துளி வழி தவறினால் நமக்குப் புரையேறுகின்றது. இருமல் அத்துளியை வெளியே தள்ளிவிடுகின்றது.

மதகுப் பலகை பழுதுபட்டால் என்ன ஆகும்? தண்ணீர் போகக்கூடாத வயலில் பாயும். அவ்வாறே, விழுங்கும் தசைகள் வலுவிழந்தவருக்குக் கஞ்சியும் பாலும் நுரையீரலில் இறங்குகின்றன. அங்கே கிருமிகள் பெருகி நிமோனியா என்னும் நுரையீரல் அழற்சி உண்டாகின்றது. சிலருக்கு இருமும் உணர்ச்சியே அற்றுப்போவதால், வழி தவறிய உணவு சத்தமின்றி இறங்கிவிடும். ஊட்டுபவருக்கு எதுவும் தெரியாது. இரண்டு மூன்று நாட்களில் காய்ச்சலும் மூச்சுத்திணறலும் தோன்றிய பின்னரே உண்மை வெளிப்படும்.

யாருக்குத் தேவைப்படுகின்றது?

முதலாவதாகக் குறிப்பிட வேண்டியவர்கள் பக்கவாதம் தாக்கியவர்கள். பக்கவாதம் கண்டவர்களில் ஏறக்குறையப் பாதிப் பேருக்கு முதல் சில நாட்களில் விழுங்கும் சக்தி குறைந்துவிடுகின்றது. கை கால் விழுந்ததைக் கண்ணால் காணும் நாம், தொண்டையும் விழுந்திருக்கக்கூடும் என்பதை எண்ணிப்பார்ப்பதில்லை. இவர்களில் பலருக்கு இரண்டொரு வாரங்களில் அச்சக்தி திரும்பிவிடுகின்றது என்பது ஆறுதலான செய்தியாகும். அந்த இடைக்காலத்தைக் கடத்தவே குழாய்.

இரண்டாவதாக, தலையில் அடிபட்டோ வேறு காரணத்தாலோ பிரக்ஞை இழந்திருப்பவர்கள். செயற்கை சுவாசக் கருவியில் வைக்கப்பட்டிருப்பவர்களும் இவ்வகையினரே. கட்டுவிரியன், நல்லபாம்பு ஆகியவற்றின் விஷம் நரம்புகளைத் தாக்கும்பொழுது, இமைகள் சரிவதுடன் விழுங்கும் தசைகளும் செயலற்றுப்போகும். ஆதலால் பாம்பு கடித்தவருக்கு வாய்வழியாக எதையும் கொடுத்தல் ஆகாது.

மூன்றாவதாக, வாய், தொண்டை, உணவுக்குழாய் ஆகிய இடங்களில் புற்றுநோய் கண்டவர்கள். புகையிலை மெல்லும் வழக்கமுள்ள நம் நாட்டில் வாய்ப்புற்று மிகுதி. கட்டி வழியை அடைப்பதாலும், கதிர்வீச்சு சிகிச்சையால் தொண்டை புண்ணாவதாலும் இவர்களால் உண்ண முடிவதில்லை. திராவகம் போன்றவற்றை விழுங்கி உணவுக்குழாய் சுருங்கிப்போனவர்களையும் இவ்வகையிற் சேர்க்கலாம்.

நான்காவதாக, குறைமாதத்தில் பிறந்த சிசுக்கள். பாலை உறிஞ்சுதல், விழுங்குதல், மூச்சுவிடுதல் ஆகிய மூன்றையும் ஒழுங்குபடச் செய்யும் திறன் ஏறக்குறைய 34 வாரக் கர்ப்பத்திற்குப் பின்னரே குழந்தைக்கு அமைகின்றது. அதற்கு முன் பிறந்த குழந்தைக்குத் தாயின் பாலையே கறந்து மெல்லிய குழாய் வழியாகச் செலுத்துவர். பிறவியிலேயே மூளை பாதிக்கப்பட்டுத் தசைகள் விறைத்துள்ள குழந்தைகளுக்கும், நரம்புத் தேய்வு நோய்கள் கண்ட பெரியவர்களுக்கும் நெடுநாள் குழாய் தேவைப்படலாம்.

குளுக்கோஸ் ஏற்றினால் போதாதா?

இக்கேள்வி பலரும் கேட்பது. கையில் ஏற்றப்படும் குளுக்கோஸ் நீர், ஆகாரம் அன்று. சாதாரணமாக ஏற்றப்படும் நூற்றுக்கு 5 பங்கு குளுக்கோஸ் கலந்த நீர் ஒரு லிட்டரில் உள்ள சர்க்கரை 50 கிராம். அதனால் கிடைக்கும் சக்தி 200 கலோரிக்கு மிகாது. 50 கிலோ எடையுள்ள நோயாளிக்கு நாளொன்றுக்கு 1,250 முதல் 1,500 கலோரி வரை வேண்டும், புரதமும் வேண்டும். ஆகவே பாட்டில் பாட்டிலாகக் குளுக்கோஸ் ஏற்றப்பட்டாலும் நோயாளி பட்டினியாகவே இருக்கின்றார் என்பதை உணர வேண்டும். பட்டினியால் தசை கரையும், புண் ஆறாது, படுக்கைப் புண் தோன்றும், நோயை எதிர்க்கும் வலிமை குன்றும்.

இரைப்பையும் குடலும் நல்ல நிலையில் இருக்குமாயின், அவற்றின் வழியாகவே ஆகாரம் செலுத்துவதுதான் இயற்கைக்கு ஏற்றது, செலவும் குறைவு. கெட்டிருப்பது தலைமடை மாத்திரமே, வயல் கெடவில்லை. தலைமடையைத் தாண்டி நீரைக் கொண்டுசெல்லும் குழாயே இங்கு வேண்டப்படுவது.

இரு வகைக் குழாய்கள்

முதல் வகை, மூக்கின் வழியாக நுழைத்து, தொண்டை, உணவுக்குழாய் ஆகியவற்றைக் கடந்து இரைப்பையில் சேரும் மெல்லிய குழாய். நம் ஆஸ்பத்திரிகளில் இதனை 'ரைல்ஸ் டியூப்' என்பர். 1921-ஆம் ஆண்டில் இதனை அமைத்த ஆங்கில வைத்தியர் ஜான் ஆல்பிரட் ரைல் என்பவரின் பெயரே இவ்வாறு வழங்குகின்றது. அவர் இதனை இரைப்பை நீரை எடுத்துச் சோதிப்பதற்கே அமைத்தார். ஆகாரம் செலுத்தும் உபயோகம் பின்னர் பெருகியது. இவ்வெண்ணம் அதற்கும் பழையது. 1790-ஆம் ஆண்டில் லண்டனில் ஜான் ஹன்டர் என்னும் சத்திர வைத்தியர், விழுங்கும் சக்தியை இழந்த ஒருவருக்கு, திமிங்கில எலும்புக் கோலின்மீது விலாங்கு மீனின் தோலைப் போர்த்திக் குழாயாக்கி, அதன் மூலம் ஆகாரம் செலுத்தினார். சில வாரங்களில் அந்நோயாளி மீண்டும் தாமே விழுங்கலானார்.

மூக்கு வழிக் குழாய் சில நிமிஷங்களில் போடக்கூடியது, மயக்கமருந்து வேண்டுவதில்லை. நாலு முதல் ஆறு வாரங்கள் வரை தேவைப்படுவோருக்கு இதுவே தகும். அதற்கு மேலும் தேவை நீடிக்குமாயின், மூக்கும் தொண்டையும் புண்படுவதாலும், குழாய் அடிக்கடி நழுவுவதாலும், இரண்டாம் வகை யோசிக்கப்படும்.

இரண்டாம் வகை, வயிற்றுச் சுவரில் சிறு துளையிட்டு நேரே இரைப்பையில் பொருத்தப்படும் குழாய். முற்காலத்தில் இதற்கு வயிற்றைத் திறந்து ஆபரேஷன் செய்ய வேண்டியிருந்தது. 1979-ஆம் ஆண்டில் அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரில் மைக்கேல் காடரர், ஜெப்ரி பான்ஸ்கி என்னும் இரு டாக்டர்கள், வாய்வழியாக உள்நோக்கிக் கருவியைச் செலுத்தி, வயிற்றைத் திறக்காமலே குழாயைப் பொருத்தும் முறையை ஒரு குழந்தைக்குச் செய்து காட்டினர். 'பெக்' என்று ஆஸ்பத்திரிகளில் கூறப்படுவது இதுவே. பெரும்பாலும் அரைமணி நேரத்தில் முடியும் இச்சிகிச்சைக்கு, மரத்துப்போகும் ஊசியும் சிறிது தூக்க மருந்துமே போதுமானவை. சட்டைக்குள் குழாய் மறைந்துவிடுவதால் நோயாளி நாலு பேர் முன் கூச்சமின்றி அமரலாம். தேவை தீர்ந்து குழாயை எடுத்துவிட்டால் துளை தானே மூடிக்கொள்ளும்.

பக்கவாத நோயாளிக்கு எடுத்த எடுப்பில் வயிற்றுக் குழாய் வைப்பது நன்மை தருவதில்லை என்றும், முதல் சில வாரங்களில் மூக்கு வழிக் குழாயே ஏற்றது என்றும், பல நாடுகளில் நடத்தப்பெற்று 2005-ஆம் ஆண்டில் வெளியான பெரும் ஆராய்ச்சி ஒன்று காட்டியுள்ளது.

எப்பொழுது முடிவு செய்வது?

ஓர் உதாரணம் கொள்வோம். அறுபது வயதுக் குடியானவர் ஒருவர் காலையில் மாட்டை அவிழ்க்கச் செல்லுகையில் கீழே விழுகின்றார். வாய் கோணியிருக்கின்றது, வலது கை தூக்க இயலவில்லை, பேச்சு குழறுகின்றது. சுற்றியிருப்போர் செய்யும் முதற் காரியம், வாயில் தண்ணீர் ஊற்றுவது. இதுவே முதற் பிழை. பக்கவாதம் கண்டவர்க்கும் மயங்கிக் கிடப்பவர்க்கும் தண்ணீர், சோடா, காப்பி, மாத்திரை எதுவும் வாயில் இடலாகாது. ஒருக்களித்துப் படுக்கவைத்து, 108 ஆம்புலன்ஸை அழைத்து, தாமதமின்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுசெல்ல வேண்டும். உறைந்த இரத்தக் கட்டியைக் கரைக்கும் ஊசியை நோய் கண்ட நாலரை மணி நேரத்திற்குள் போட்டாக வேண்டுமாதலால், ஒவ்வொரு நிமிஷமும் அருமையானது.

ஆஸ்பத்திரியில் அவருக்கு ஆகாரம் கொடுக்குமுன் விழுங்கும் சோதனை செய்யப்பட வேண்டும். நிமிர்ந்து உட்காரவைத்து, கரண்டி கரண்டியாகச் சிறிது நீர் கொடுத்து, இருமல் வருகின்றதா, குரல் நீர் கலந்தாற்போல் கரகரக்கின்றதா, கடைவாயில் ஒழுகுகின்றதா என்று நர்ஸோ டாக்டரோ கவனிப்பர். சோதனையில் தேறாதவருக்கு முதல் நாளிலேயே குழாய் போடுவது முறையாகும். "இன்னும் நாலு நாள் பார்ப்போம்" என்று உறவினர் தடுத்தால், அந்நாட்களில் பட்டினியும் நிமோனியாவும் முந்திக்கொள்ளும்.

குழாய் போடுவது முடிவன்று. சில நாட்களுக்கு ஒருமுறை விழுங்கும் சோதனையைத் திரும்பச் செய்யுமாறு கேட்டுக்கொள்ள வேண்டும். முன்னேற்றம் தெரிந்தால் முதலில் கெட்டியான கூழ், பின்னர் குழைந்த சோறு, கடைசியில் தண்ணீர் என்ற வரிசையில் வாய்வழி ஆகாரம் பழக்கப்படும். தண்ணீர்தான் எளிது என்று நாம் எண்ணுகின்றோம்; வலுவிழந்த தொண்டைக்கு நீரே மிகவும் கடினமானது.

வீட்டில் கவனிக்க வேண்டியவை

குழாயுடன் வீடு திரும்பும் நோயாளியின் உயிர், பெரும்பாலும் வீட்டுப் பெண்மக்களின் கையில் இருக்கின்றது. ஆகவே ஆஸ்பத்திரியை விட்டுப் புறப்படுமுன், ஊட்டும் முறையைச் செவிலியர் முன்னிலையில் தாமே செய்து பழகிக்கொள்ள வேண்டும். வீட்டில் இருவர் பழகுதல் நலம்.

ஒவ்வொரு முறை ஊட்டுமுன்னும் குழாய் சரியான இடத்தில் உள்ளதா என்று பார்க்க வேண்டும். மூக்கின் அருகே குழாயில் மையால் இட்ட குறி நகர்ந்திருக்கலாகாது. ஊசியற்ற பெரிய சிரிஞ்சினால் மெதுவாக இழுத்தால் இரைப்பை நீர் வர வேண்டும். காற்றைச் செலுத்திச் சத்தம் கேட்டுப் பார்ப்பது நம்பத்தக்க சோதனையன்று. குறி நகர்ந்திருந்தாலும், நோயாளி இருமினாலும் திணறினாலும் ஆகாரம் செலுத்தாமல் ஆஸ்பத்திரிக்குச் செல்க. நழுவிய குழாயை நாமே உள்ளே தள்ளுதல் பெருந்தவறு. அது மூச்சுக்குழாயில் நுழைந்துவிடக்கூடும்.

ஊட்டும்பொழுது தலைப்புறம் 30 முதல் 45 பாகை உயர்ந்திருக்க வேண்டும். ஊட்டிய பின் ஒரு மணி நேரம் வரை அவ்வாறே இருத்தல் நலம். தட்டையாகப் படுத்திருப்பவருக்கு ஒருபோதும் செலுத்தலாகாது. சிரிஞ்சின் தண்டை எடுத்துவிட்டு, அதனை உயரப் பிடித்தால் ஆகாரம் தானாகவே இறங்கும். அழுத்தித் தள்ள வேண்டாம். ஒரு வேளைக்கு 200 முதல் 300 மி.லி. வரை, இரண்டு மூன்று மணிக்கு ஒருமுறை கொடுப்பது வழக்கம். அளவை டாக்டரே நிர்ணயிப்பார். பல நாள் பட்டினி கிடந்தவருக்கு முதலிலேயே முழு அளவு கொடுத்தால் இரத்தத்திலுள்ள உப்புச் சத்துகள் சட்டென்று குறைந்து உயிருக்கு ஆபத்து நேரும். சிறுகச் சிறுகவே உயர்த்த வேண்டும்.

எதைக் கொடுப்பது? வடித்த கஞ்சித் தண்ணீரையும் பருப்புத் தண்ணீரையும் மாத்திரம் கொடுத்து வருவதால் நோயாளி நாளுக்கு நாள் மெலிவதைப் பல வீடுகளில் காண்கின்றோம். இவற்றில் நீரே மிகுதி. பால், கேழ்வரகு அல்லது சத்துமாவுக் கஞ்சி, நன்கு வெந்து அரைத்த பருப்பு, வேகவைத்து அரைத்த முட்டை, சிறிது எண்ணெய், சர்க்கரை ஆகியவற்றைச் சேர்த்து அரைத்து, மெல்லிய துணியில் வடிகட்டிக் கொடுக்கலாம். நீரிழிவு, சிறுநீரகக் கோளாறு உள்ளவர்க்கு டாக்டரின் யோசனைப்படி மாற்ற வேண்டும். நம் நாட்டு வெப்பத்தில், கலந்த ஆகாரத்தை இரண்டு மணி நேரத்திற்கு மேல் வெளியில் வைத்து உபயோகித்தால் வயிற்றுப்போக்கு நிச்சயம். கையையும் பாத்திரத்தையும் சோப்பினால் கழுவி, காய்ச்சி ஆறிய நீரையே கொள்ள வேண்டும்.

ஊட்டுமுன்னும் பின்னும் 30 மி.லி. நீர் விட்டுக் குழாயை அலச வேண்டும், இல்லையேல் அடைத்துக்கொள்ளும். மாத்திரைகளை ஆகாரத்துடன் கலக்காமல், தனித்தனியே பொடித்து நீரில் கரைத்து விடுக. சில மாத்திரைகள் பொடிக்கத்தகாதவை. முன்கூட்டிக் கேட்டறிதல் அவசியம். வாயால் உண்ணாவிடினும் தினமும் இருமுறை வாயைச் சுத்தம் செய்ய வேண்டும். அழுக்கு வாயின் உமிழ்நீரே நுரையீரலுக்குக் கிருமியைக் கொண்டுசெல்கின்றது.

வயிற்றுக் குழாய் உள்ளவர் அதன் சுற்றுப்புறத்தைச் சோப்பும் நீரும் கொண்டு கழுவி உலர்த்த வேண்டும். சிவத்தல், சீழ், வலி இருப்பின் டாக்டரிடம் காட்டுக. குழாய் வெளியே வந்துவிட்டால் துளை சில மணி நேரத்திலேயே மூடத் தொடங்கும். விடியட்டும் என்று காத்திராமல் உடனே ஆஸ்பத்திரிக்குச் செல்ல வேண்டும்.

குழாய் வேண்டாத நிலை

குழாய் எல்லோருக்கும் நன்மை தருவது என்று கூறுவதும் உண்மையாகாது. முதுமையில் மறதி நோய் முற்றி, உண்ணும் விருப்பமே அற்றுப்போனவர்களுக்குக் குழாய் ஆயுளை நீட்டுவதாகவோ நிமோனியாவைத் தடுப்பதாகவோ ஆராய்ச்சிகள் காட்டவில்லை. அவர்கள் குழாயைப் பிடுங்கிவிடுவதால் கைகளைக் கட்டிப்போட நேருகின்றது. படுக்கைப் புண்ணும் மிகுகின்றது. இத்தகையோருக்குக் குழாயைவிட, பொறுமையுடன் கையால் சிறிது சிறிதாக ஊட்டுவதே சிறந்தது என்று அமெரிக்க முதியோர் மருத்துவச் சங்கம் 2014-ஆம் ஆண்டில் வெளியிட்ட அறிக்கை கூறுகின்றது.

அவ்வாறே, தீராத நோயின் கடைசி நாட்களில் உடல் தானே உணவை வேண்டாமென்று ஒதுக்குகின்றது. உண்ணாததால் அவர் இறக்கவில்லை; இறக்கும் தறுவாயில் இருப்பதால் உண்ணவில்லை. அப்பொழுது உதட்டை நனைத்தலும், வாயைத் தூய்மையாக வைத்தலும், அருகிருந்து கையைப் பற்றிக்கொள்ளுதலுமே உற்றார் செய்யத்தக்கவை. "பட்டினி போட்டுக் கொன்றுவிட்டனர்" என்று ஊரார் பேசுவரோ என்னும் அச்சத்தால் மட்டும் குழாய் போடச் சொல்லுதல், நோயாளியை வருத்துவதேயாகும்.

ஆகவே டாக்டரிடம் மூன்று கேள்விகளைக் கேட்க வேண்டும்: இக்குழாய் எதற்காக? எத்தனை நாட்களுக்கு? குணம் தெரியாவிடில் பின்னர் என்ன செய்வது? நோயாளிக்கு நினைவிருக்குமாயின் அவரது விருப்பமே முதலில் கேட்கப்பட வேண்டும்.

பஞ்சாயத்துகள் செய்யத்தக்கவை

இது ஒரு வீட்டுக்கு மட்டும் உரிய காரியமாயினும், பஞ்சாயத்தும் உதவ வழியுண்டு. பக்கவாதம் கண்டவருக்கு வாயில் நீர் ஊற்றலாகாது என்பதைக் கிராம சபைக் கூட்டத்தில் எடுத்துரைக்கலாம். சுகாதார நிலைய டாக்டரையோ கிராமச் செவிலியரையோ அழைத்து விளக்கச் செய்யலாம். படுக்கையிலுள்ளோரை வீட்டிலேயே கவனிக்கும் பொருட்டு 2021-ஆம் ஆண்டில் நம் மாநிலத்தில் 'மக்களைத் தேடி மருத்துவம்' என்னும் திட்டம் தொடங்கப்பெற்றது. குழாயுடன் ஊர் திரும்பியவர் யார் என்பதைச் செவிலியருக்கு அறிவிப்பது அங்கத்தினர்களால் ஆகக்கூடியதே. தலைப்புறம் உயர்த்தக்கூடிய கட்டில் ஒன்றை ஊர்ப் பொதுவில் வாங்கி வைத்து, தேவைப்படும் வீட்டுக்கு இரவல் கொடுத்தால் அதுவும் நல்ல தொண்டாகும்.

எல்லாவற்றிற்கும் மேலாக, இரவும் பகலும் இரண்டு மணிக்கு ஒருமுறை எழுந்து ஊட்டும் மனைவியையோ மருமகளையோ மகளையோ நாம் மறத்தலாகாது. நோயாளியைப் பார்க்க வருவோர் கஞ்சிக்குப் பதிலாக அவ்வீட்டுப் பெண்ணுக்கு அரைநாள் ஓய்வைக் கொண்டுவரட்டும். ஊட்டும் முறையைப் பழகிக்கொண்டு ஒரு வேளைக்கேனும் கைமாற்றட்டும். அக்குடியானவர் மீண்டும் தம் கையால் ஒரு கவளம் எடுத்து உண்ணும் நாளில், அப்பெருமையில் ஊருக்கும் பங்கு உண்டு.